தோற்கிறவனுக்குக் குரல் கொடுத்தவன்

பிப்ரவரி 20

அன்புள்ள கத்திரி,

நீ கிளம்பிப் போய் இன்றோடு பத்தொன்பது நாள். உன் புது முகவரியை உன் அண்ணியிடம் கெஞ்சிக் கூத்தாடி வாங்கினேன். முகவரியோடு நிபந்தனையும் வந்தது. "போன் பண்ணக் கூடாதாம் தம்பி. உங்க குரலைக் கேட்டா சிரிச்சிடுவாளாம், சிரிச்சா மன்னிச்சிடுவாளாம். எதுவா இருந்தாலும் எழுதி அனுப்பச் சொன்னா." குரலை வைத்துப் பிழைக்கிறவனிடமிருந்து குரலைப் பிடுங்கிவிட்டாய். சரி, எனக்கு வேண்டியதுதான்.

கடிதத் தாள் வாங்கக் கடைக்குப் போனேன். கடைக்காரர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "யாருக்கு?" "பொண்டாட்டிக்கு." அவர் கடையில் இருப்பதிலேயே நல்ல தாளாக எடுத்துக் கொடுத்தார். அனுபவஸ்தர் போலிருக்கிறது.

வீடு நன்றாக இருக்கிறது என்று எழுதினால் நம்பமாட்டாய். பால் இரண்டு முறை தீய்ந்தது. வலது காலில் என் செருப்பும் இடது காலில் உன் பழைய செருப்புமாக டப்பிங் ஸ்டுடியோ வரை போய்விட்டேன். ஒலிப்பதிவாளர் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து பார்த்துவிட்டு மைக்கில், "யோவ் கும்பல், கத்திரி எப்பய்யா வரும்? புது ஆள் எழுதுற வசனம் வாயில ஒட்டவே மாட்டேங்குது" என்றார். உண்மைதான். நேற்று ஒரு காட்சியில் அந்த இந்தி ஹீரோ வாயை மூடி இரண்டு விநாடி ஆன பிறகும் நான் தமிழில் பேசிக்கொண்டே இருந்தேன். வயிற்றிலிருந்து பேசுகிறான் போல என்று சிரித்தார்கள்.

அத்தையின் அறையைத் திறக்கவில்லை. திறக்க மனம் வரவில்லை.

நடந்தது என் தப்புதான். வேறு யாரையும் சொல்லப்போவதில்லை. ஆனால் ஒன்று மட்டும் நம்பு: நான் தப்பானவன் இல்லை, தப்புத் தப்பாக நடக்கிறவன். அவ்வளவுதான்.

பதில் போடு. திட்டியாவது போடு.

உன்
கும்பல்


மார்ச் 2

கும்பலுக்கு,

உன் கடிதத்தின் கடைசிப் பத்தியில் இருக்கும் வரி என்னுடையது. "தப்பானவன் இல்லை, தப்புத் தப்பா நடக்கிறவன்." குடை விற்பவன் படத்துக்கு நான் எழுதினேன். பொய் சொல்லி மாட்டிக்கொண்டவன் காதலி வீட்டு வாசலில் மழையில் நின்று சொல்வது. அந்த இடத்தில் அவன் உதடு மூன்று முறை மூடித் திறக்கும், அதனால் மூன்று 'ப' தேவைப்பட்டது. மூன்று நாள் யோசித்தேன். நீ அதை எட்டாவது டேக்கில் சரியாகப் பேசினாய். இப்போது அதையே எடுத்து எனக்கு அனுப்புகிறாய். மன்னிப்புக் கேட்பதற்குக்கூட உனக்குச் சொந்தமாக ஒரு வாக்கியம் இல்லையா?

நடந்ததை ஒரு முறை முழுதாக எழுதிவிடுகிறேன். நீயும் ஒரு முறை முழுதாகப் படி.

அம்மாவுக்குச் சிறுநீரகம் நின்று இரண்டு வருடம். செவ்வாய், வியாழன், சனி டயாலிசிஸ். மதியம் ஒரு மணியிலிருந்து ஐந்து மணிவரை. இந்த இரண்டு வருடத்தில் ஒரு நாள்கூட நான் தவறவிட்டதில்லை. ஜனவரியில் வேலைக்காக இரண்டு நாள் வெளியூர் போக வேண்டியிருந்தது. போகும்போது உன்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டேன்: சனிக்கிழமை அம்மாவைக் கூட்டிக்கொண்டு போ. சனிக்கிழமை நாலு மணிக்குக் கூப்பிட்டேன். "போயிட்டு வந்துட்டோம். அத்தை நல்லா இருக்காங்க" என்றாய்.

ஞாயிறு மதியம் நான் வந்தபோது அம்மா படுக்க முடியாமல் உட்கார்ந்தபடி மூச்சு வாங்கிக்கொண்டிருந்தாள். ஆஸ்பத்திரியில் டாக்டர், "கடைசியா டயாலிசிஸ் எப்போ?" என்றார். நான் "நேத்து" என்றேன். நீ பக்கத்தில் நின்றாய். தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாய்.

செவ்வாய்க்கிழமை காலை அம்மா போய்விட்டாள். அடுத்த வாரம் அவள் பையை எடுத்துவைக்கும்போது டயாலிசிஸ் நோட்டு கிடைத்தது. ஒவ்வொரு தடவையும் எடை எழுதி நர்ஸ் கையெழுத்துப் போடும் நோட்டு. அந்தச் சனிக்கிழமைக்கு நேரே வெறும் கட்டம்.

செருப்புக் கதையெல்லாம் எனக்கு வேண்டாம். அந்தச் சனிக்கிழமை என்ன நடந்தது? அதை மட்டும் எழுது.


மார்ச் 11

கத்திரி,

வரி உன்னுடையது என்பது எழுதும்போது எனக்குத் தெரியாது. சத்தியமாக. எது நான் நினைத்தது, எது நீ எழுதி நான் பேசியது என்று பிரித்துப் பார்க்க எனக்கு வரவில்லை. எட்டு வருடமாக என் வாயில் இருப்பதெல்லாம் நீ வைத்ததுதானே.

எட்டு வருடத்துக்கு முன் நான் யார்? கும்பல். சந்தைக் காட்சி, கல்யாணக் காட்சி, கலவரக் காட்சி, எதுவென்றாலும் முப்பது பேர் சத்தத்தையும் ஒருத்தனாகப் போடுகிறவன். நீ இந்திக் காதல் படங்களுக்குத் தமிழ் வசனம் எழுத வந்தாய். நான் கூட்டத்தில் சேர்த்துச் சொன்ன ஒரு நகைச்சுவையை வெட்டினாய். அன்றைக்கு வைத்த பெயர்தான் கத்திரி. அதே வாரம், ஹீரோவுக்குப் பேச வந்தவருக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. நீதான் தயாரிப்பாளரிடம் சொன்னாய்: "இந்தப் பையனுக்கு அழகான குரல் வேண்டாம் சார். தடுக்கி விழுற குரல் வேணும். அதோ, அந்தக் கும்பலைக் கூப்பிடுங்க."

அன்றிலிருந்து இந்தியில் தோற்கிற பையன் யார் வந்தாலும் தமிழில் அவன் நான்தான். பரீட்சையில் தோற்றவன், வேலை போனவன், காதலிக்குக் கொடுக்க வேண்டிய கடிதத்தை அவள் தங்கையிடம் மாற்றிக் கொடுத்தவன். இவனை ஏன் எல்லோருக்கும் பிடிக்கிறது என்று ஒருநாள் உன்னைக் கேட்டேன். நீ சொன்னது ஞாபகம் இருக்கிறது. "ஜெயிக்கிறவனுக்கு நாம தேவையில்ல. இவன் விழுந்ததும் யாராவது பாத்துட்டாங்களான்னு சுத்திப் பாக்கிறான் பாரு. நாம பாத்துட்டோம். அந்த நிமிஷமே அவன் நம்ம ஆளாயிடுறான்." சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாய். அன்றுதான் நீ என்னைக் கட்டிக்கொள்வாய் என்று தெரிந்தது.

ஒரு செய்தி. அடுத்து வரும் பெரிய படத்துக்கு ஹீரோ குரல் நான்தானாம். இதுவரை செய்ததெல்லாம் சின்னப் படங்கள். இது அப்படியில்லை.

சனிக்கிழமையைப் பற்றிக் கேட்டாய். சொல்வதற்குப் பெரிதாக ஒன்றும் இல்லை. மறந்துவிட்டேன். நாலு மணிக்கு நீ கூப்பிட்டபோதுதான் ஞாபகம் வந்தது. பயத்தில் பொய் சொல்லிவிட்டேன். அவ்வளவுதான் நடந்தது.

கும்பல்


மார்ச் 24

நீ மறக்கவில்லை.

நேற்று டயாலிசிஸ் நர்ஸ் கூப்பிட்டாள். அம்மாவின் கையில் ஊசி போட்டுப் போட்டு இரண்டு வருடம் பழகியவள். நான் ஊரைவிட்டுப் போன செய்தி அவளுக்கு இப்போதுதான் தெரிந்திருக்கிறது. அழுதுகொண்டே சொன்னாள்: "அக்கா, அன்னிக்கு அம்மாவே எங்களுக்கு போன் பண்ணாங்க. இன்னிக்கு ஒரு நாள் வரலம்மா, என் பொண்ணு கேட்டா வந்துட்டுப் போனாங்கன்னு சொல்லிடுன்னாங்க. அப்படிச் சொல்ல மாட்டேன்மா, மாப்பிள்ளைகிட்ட குடுங்கன்னேன். கட் பண்ணிட்டாங்க. அண்ணன் மேல மட்டும் கோவப்படாதீங்க அக்கா."

ஆக, அம்மா வரமாட்டேன் என்று சொல்லியிருக்கிறாள். நீ சரி என்றிருக்கிறாய். போய்ச் சேர்ந்தவள் பெயர் கெடக் கூடாது என்று பழியை நீ எடுத்துக்கொண்டு "மறந்துட்டேன்" என்று எழுதுகிறாய். இதுவரை வந்த எல்லாப் படத்திலும் இந்த இடம் உண்டு, இல்லையா? கெட்டவன் என்று எல்லோரும் நினைத்தவன் உண்மையில் யாரையோ காப்பாற்றத்தான் வாயை மூடிக்கொண்டிருந்தான் என்று கடைசி ரீலில் தெரியும். தியேட்டரில் விசில் பறக்கும். அவள் புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடி வருவாள்.

நான் ஓடி வரவில்லை. நேற்றிலிருந்து எனக்கு இன்னும் அதிகமாக வலிக்கிறது. ஏன் என்று உனக்குப் புரியுமா?

டயாலிசிஸுக்குப் போகிறவர்களுக்குத் தண்ணீர் அளந்துதான் தர வேண்டும். காலையில் பாட்டிலில் எழுநூறு மில்லி நிரப்பி வைப்பது நான். மதியத்துக்குள் அதைக் குடித்துவிட்டு, "ஒரு மொடக்கும்மா, ஒரே ஒரு மொடக்கு" என்று கேட்கிறவளிடம் முடியாது என்று சொல்வது நான். நான் குளிக்கப் போனதும் ஐஸ் கட்டி எடுத்து அவள் வாயில் போடுவது நீ. பொட்டாசியம் ஏறினால் இதயம் நின்றுவிடும் என்று ஆரஞ்சுப் பழத்தைப் பிடுங்கி வைப்பது நான். பாதிச் சுளையை ரகசியமாகக் கொடுப்பது நீ. அவளுக்கு யாரைப் பிடிக்கும்? வருகிறவர்கள் எல்லோரிடமும், "மாப்பிள்ளை தங்கம். இவதான் ஹிட்லர்" என்பாள். நானும் சேர்ந்து சிரிப்பேன்.

எல்லோருக்கும் பிடித்தவனாக நீ இருக்க வேண்டுமென்றால், யாருக்கும் பிடிக்காத ஒருத்தி அந்த வீட்டில் இருந்தே ஆக வேண்டும். அந்த வேலையை இத்தனை வருடமும் நான் பார்த்தேன். படத்தில் அப்படி ஒருத்தி இருக்க மாட்டாள். இருந்தால் வில்லி.

என் அம்மா வாழ்ந்த கடைசி நல்ல நாளில் அவள் செய்தது என்ன? எனக்குப் பயந்து ஒளிந்துகொண்டது. கூட நீ. இரண்டு பேரும் என்னைக் கண்டு பயந்து கூட்டுச் சேர்ந்துகொண்டீர்கள். நீ மறந்திருந்தால்கூட மன்னித்திருப்பேன் போலிருக்கிறது.

இதற்குப் பதில் எழுத வேண்டாம்.


ஏப்ரல் 6

எழுத வேண்டாம் என்றாய். எழுதுகிறேன். இதில் வேடிக்கை எதுவும் இல்லை, கடைசிவரை படி.

நீ இன்னொன்றும் தெரிந்துகொள்ள வேண்டும். அதை உன்னிடமிருந்து மறைத்ததில் பெருமைப்பட ஒன்றும் இல்லை.

ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்டார், நீ "நேத்து" என்றாய், நான் நின்றேன். என் வாயில் பேச்சு வரவில்லை. பேசுவதுதான் என் தொழில். ஒரு மைக் முன்னால் முப்பது பேராகப் பேசத் தெரிந்தவனுக்கு, "இல்ல சார், வியாழக்கிழமை" என்று சொல்ல முடியவில்லை. சொன்னால் நீ திரும்பி என்னைப் பார்ப்பாயே, அந்தப் பார்வைக்குப் பயந்தேன். உன் அம்மா எதிரில் மூச்சுக்குத் திணறிக்கொண்டிருந்தார்கள். அப்போதும் நான் பயந்தது உன் முகத்துக்கு.

படிவம் நிரப்ப நீ கவுன்டருக்குப் போனாய். அதற்குப் பிறகுதான் ஓடினேன். நடைபாதையில் டாக்டரைப் பிடித்து, "பொய் சார், வியாழக்கிழமைதான் கடைசி, நேத்து கூட்டிட்டுப் போகல" என்றேன். அவர் திரும்பி உள்ளே ஓடினார். எதிர்ச் சுவரில் கடிகாரம் இருந்தது. நீ "நேத்து" என்று சொன்னதிலிருந்து இருபது நிமிடம். டாக்டர்களுக்குக் கடைசிவரை தெரியாது என்று நீ நினைத்துக்கொண்டிருக்கிறாய். தெரியும். இருபது நிமிடம் தாமதமாகத் தெரியும். அந்த இருபது நிமிடத்தில் என்ன போயிற்று என்று எனக்குத் தெரியாது. கேட்கும் தைரியமும் வரவில்லை.

பெரிய படத்தின் பதிவு போன வாரம் தொடங்கியது. இரண்டாம் நாள் மன்னிப்புக் காட்சி. காதலியின் அண்ணன் கல்யாணத்தைக் கெடுத்துவிட்டு வந்து நிற்கிறான். புது ஆள் நன்றாகத்தான் எழுதியிருந்தார். ஹெட்போனில் இந்தியில் அவன் குரல் தழுதழுக்கிறது, கேட்கவே அழகாக இருக்கிறது. இரண்டு நிமிடம். அதற்குள் அவள் கண் துடைத்துக்கொண்டு சிரித்துவிடுகிறாள். பதினோரு டேக் போனோம். ஒலிப்பதிவாளர் வெளியே வந்து, "என்னய்யா, தண்ணி குடிச்சிட்டு வர்றியா?" என்றார். "வேற ஆளைப் பாருங்கண்ணே" என்று ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு வந்துவிட்டேன். கோபமெல்லாம் இல்லை. பேச வரவில்லை, அவ்வளவுதான். இப்போது மறுபடி கும்பலில் நிற்கிறேன்.

அத்தையின் அறையைத் திறந்தேன். பிரிக்காத பஞ்சும் பிளாஸ்திரியும் ஒரு பை நிறைய இருந்தது. கொண்டுபோய் டயாலிசிஸ் நிலையத்தில் கொடுத்தேன். அத்தைக்குப் பக்கத்துக் கட்டிலில் படுப்பாரே, ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர், அவரை ஆட்டோவில் ஏற்ற யாரும் இல்லாமல் வாசலில் உட்கார வைத்திருந்தார்கள். மகன் வேலை மாறிப் போய்விட்டானாம். வீட்டில் கொண்டுபோய் விட்டேன். மறுநாளுக்கு மறுநாள் நானே போய்க் கூட்டி வந்தேன். இதை உனக்குக் காட்டுவதற்காகச் செய்யவில்லை என்று எழுதினால், அதற்காகத்தான் எழுதுகிறேன் என்று ஆகிவிடும். எப்படி எழுதுவது என்று தெரியவில்லை.


ஏப்ரல் 19

உன் கடிதத்தை ஒரு வாரத்துக்குமேல் பையிலேயே வைத்திருந்தேன்.

டாக்டரைக் கூப்பிட்டுக் கேட்டேன். நினைவிருக்கிறது என்றார். "உங்க வீட்டுக்காரர் வந்து சொன்னார். இருபது நிமிஷம் முன்னாடி தெரிஞ்சிருந்தா பிழைச்சிருப்பாங்களான்னு கேட்டா, தெரியலம்மா. ரத்தப் பரிசோதனை முடிவும் அதே சமயத்துலதான் வந்துச்சு. இதயம் ஏற்கெனவே பலவீனமா இருந்துச்சு. ஆமான்னும் சொல்ல முடியாது, இல்லன்னும் சொல்ல முடியாது." இதற்குமேல் யாராலும் சொல்ல முடியாது என்று நினைக்கிறேன். இதை வைத்துக்கொண்டுதான் நாம் இருக்க வேண்டும்.

இனி எழுதப்போவதை எழுதத்தான் இவ்வளவு நாள் ஆனது.

அந்தச் சனிக்கிழமை நாலு மணிக்கு நான் கூப்பிட்டேன். "போயிட்டு வந்துட்டோம்" என்றாய். டயாலிசிஸ் ஐந்து மணிக்குத்தான் முடியும். இரண்டு வருடமாக அந்தக் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த எனக்கு அது தெரியாதா? அதுமட்டுமில்லை. உனக்குப் பின்னால் டிவி ஓடிக்கொண்டிருந்தது. அதில் மழைச் சத்தம். மழைக்கு நடுவே உன் குரல். "நான் தப்பானவன் இல்லைங்க, தப்புத் தப்பா நடக்கிறவன்." போனில் ஒரு நீ பொய் சொல்லிக்கொண்டிருந்தாய், டிவியில் ஒரு நீ மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தாய். இரண்டையும் கேட்டேன். உன் குரல் எங்கே தடுக்கும், எதற்குத் தடுக்கும் என்று இந்த உலகத்தில் ஒருத்திக்குத் தெரியுமென்றால் அது எனக்குத்தான்.

எனக்குத் தெரிந்தது. நான் "சரி" என்றேன்.

அப்போதே போட்டுத் தாக்கியிருந்தால், அம்மாவிடம் போனைக் கொடு என்று கத்தியிருந்தால், நாலரைக்குள் அவளை அங்கே சேர்த்திருப்பாய். அடுத்த ஷிப்டில் பாதி நேரமாவது நடந்திருக்கும். நான் கத்தவில்லை. எனக்கு அசதி. ஹிட்லராக இருந்து இருந்து அசதி. ஓட்டல் அறையில் வெள்ளைப் படுக்கை விரிப்பு. இரண்டு வருடத்தில் முதல் முறையாக யாருக்கும் எதையும் அளந்து கொடுக்க வேண்டாத ஒரு சாயங்காலம். இன்று ஒரு நாள் எனக்கு எதுவும் தெரிய வேண்டாம் என்று நினைத்தேன். போனை வைத்துவிட்டு ஆறு மணிவரை தூங்கினேன். நன்றாகத் தூங்கினேன்.

ஆஸ்பத்திரியில் "நேத்து" என்று நான் சொன்னபோதும் எனக்கு உள்ளே தெரியும். நீ இருபது நிமிடம் கழித்தாவது சொன்னாய். நான் சொல்லவே இல்லை. அந்த நோட்டில் வெறும் கட்டத்தைப் பார்த்ததும் உன்மேல் பாய்ந்துவிட்டு ஊரைவிட்டே வந்துவிட்டேன். அந்த வீட்டில் இருந்தால் என்னையும் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.

எனக்கு ஆறுதல் சொல்லி எழுதாதே. உனக்கு அது நன்றாக வரும், வேண்டாம். ஒன்று மட்டும் செய். அந்தச் சனிக்கிழமையை எனக்கு முழுதாக எழுது. நான் இல்லாத அந்த நாளில் என் அம்மா எப்படி இருந்தாள்?


மே 3

ஆறுதல் சொல்லவில்லை.

கண்டக்டர் போன சனிக்கிழமை வரமாட்டேன் என்றார். பேத்திக்குப் பிறந்தநாளாம். "ஒரு நாள் தம்பி. ஒரே ஒரு நாள். நீ நல்ல பையன்தானே?" என்று கையைப் பிடித்துக்கொண்டார். முடியாது என்றேன். கெஞ்சினார். பேத்தி அழுதாள். மருமகள், "பெத்த புள்ள மாதிரின்னு நெனச்சோம், மனசாட்சியே இல்லியே உங்களுக்கு" என்றார். தூக்கி ஆட்டோவில் உட்கார வைத்தேன். போகிற வழியெல்லாம் கெட்ட வார்த்தை. பஸ்ஸில் முப்பது வருடம் சேர்த்து வைத்தது போலிருக்கிறது. ஊசி குத்தும்போது என் முகத்தைப் பார்க்காமல் திரும்பிக்கொண்டார். நாலு மணி நேரம் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். ஒருவருக்கு நம்மைப் பிடிக்காமல் போவது இவ்வளவு வலிக்கும் என்று எனக்குத் தெரியாது. நீ இதை வாரத்துக்கு மூன்று நாள் செய்திருக்கிறாய். சொந்த அம்மாவிடம்.

இனி அந்தச் சனிக்கிழமை.

காலையில் அத்தை சீக்கிரமே எழுந்துவிட்டார்கள். தலையை வாரிவிடச் சொன்னார்கள். எனக்குச் சடை பின்ன வராது. சும்மா முடிந்துவிட்டேன். கண்ணாடியில் பார்த்து, "பறவை கூடு கட்டின மாதிரி இருக்கு மாப்ளே" என்று சிரித்தார்கள். பன்னிரண்டு மணிக்கு நான் பையை எடுத்தேன். கட்டிலைவிட்டு எழவில்லை. "மாப்ளே, கை வலிக்குது. இன்னிக்கு அந்த ஊசி வேண்டாம். நாளைக்குப் போலாம்" என்றார்கள். அவ திட்டுவாளே அத்தை என்றேன். "அவதான் ஊர்ல இல்லியே." சின்னப் பிள்ளைபோல் முகத்தை வைத்துக்கொண்டார்கள். நான் பையைக் கீழே வைத்துவிட்டேன். நாளைக்கு ஞாயிற்றுக்கிழமை, அங்கே கதவு பூட்டியிருக்கும் என்பது எனக்குத் தோன்றவே இல்லை. அவர்களுக்கும் தோன்றவில்லை என்றுதான் நினைக்கிறேன். நான் முகம் கழுவப் போயிருந்தபோது நர்ஸுக்குப் போன் செய்திருக்கிறார்கள். அது எனக்கு உன் கடிதத்தில்தான் தெரிந்தது.

இரண்டு மணிக்குக் குடை விற்பவன் படம் போட்டார்கள். ஜன்னலோரம் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார வைத்தேன். ஒன்றரை ஆரஞ்சு சாப்பிட்டார்கள். நான்தான் உரித்துக் கொடுத்தேன். திரையில் அவன் வாயைத் திறக்கும்போதெல்லாம் என்னைத் திரும்பிப் பார்த்து, "நீங்கதான், நீங்கதான்" என்றார்கள். அவன் கடைசிக் குடையையும் யாரோ ஒரு பாட்டிக்குக் கொடுத்துவிட்டு நனைகிற இடத்தில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அப்படி அவர்கள் சிரித்து நான் பார்த்ததில்லை.

நாலு மணிக்கு நீ கூப்பிட்டாய். நான் பொய் சொல்வதை அத்தை கேட்டார்கள். போனை வைத்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. கொஞ்ச நேரம் டிவியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு, என்னைப் பார்க்காமலேயே, "இவனைக் கட்டிக்கப்போற பொண்ணு பாவம்" என்றார்கள். ஏன் அத்தை என்றேன். "இவன் பாட்டுக்கு எல்லாருக்கும் நல்லவனா இருந்துடுவான். பொல்லாதவளா இருக்கிற வேலை பூரா அவ தலைல விழும்."

அதற்குப் பிறகு டிவியை நிறுத்தச் சொன்னார்கள். "நாளைக்கு அவ வந்ததும் நானே சொல்லிடுறேன் மாப்ளே. திட்டுவா. திட்டட்டும். அவ திட்டினாத்தான் எனக்கு உடம்பு சொன்ன பேச்சு கேக்கும். இல்லாட்டி எப்பவோ போயிருப்பேன்."

இதை முதல் கடிதத்திலேயே எழுதியிருக்கலாம். ஆனால் நான் வசனத்தால் பிழைக்கிறவன். நீ மனம் இளக நானே எழுதிக்கொண்டது என்று நினைப்பாய் என்று பயந்தேன். இப்போதும் நினைக்கலாம். சாட்சி யாரும் இல்லை.

மறுநாள் சொல்வதற்கு அவர்களுக்கு மூச்சு இருக்கவில்லை.


மே 17

நீ எழுதிக்கொண்டது இல்லை. "உடம்பு சொன்ன பேச்சு கேக்கும்" என்று உனக்கு எழுத வராது. எனக்கும் வராது. அது அம்மா பேச்சு.

எத்தனை முறை படித்தேன் என்று சொல்லப்போவதில்லை. அவள் அப்படிச் சிரித்த ஒரு நாள் அவளுக்குக் கிடைத்ததே என்று ஒரு நேரம் தோன்றுகிறது. அந்த ஒன்றரை ஆரஞ்சை நினைத்து உன்னைக் கொல்ல வேண்டும் என்று ஒரு நேரம் தோன்றுகிறது. இரண்டும் ஒரே நாளில், சில சமயம் ஒரே மணி நேரத்தில். இது எனக்குத் தீராது என்று நினைக்கிறேன்.

நான் திரும்பி வரப்போவதில்லை. கோபத்தில் எழுதவில்லை. கோபத்தில் எழுதியிருந்தால் என்றாவது வந்துவிடுவேன். நீ இப்போது மாறியிருக்கிறாய், தெரிகிறது. ஆனால் நீயும் நானும் ஒரு மேசைக்கு இரண்டு பக்கம் உட்கார்ந்தால் நடுவில் அந்த நாலு மணிப் போன் வந்து உட்கார்ந்துகொள்ளும். நீ என்னைப் பார்த்துப் பயப்படுவாய். உன்னைப் பார்த்தால் நான் அன்று தூங்கியது எனக்கு ஞாபகம் வரும். அம்மாவின் கட்டிலை அந்த நிலையத்துக்கே கொடுத்துவிடு. அண்ணிக்குச் சொல்லிவிட்டேன், புடவைகளை வந்து எடுத்துக்கொள்வாள். கண்டக்டர் என்ன கெஞ்சினாலும் விடாதே.

இங்கே வேலை சப்டைட்டில் எழுதுவது. ஒரு வரிக்கு முப்பத்தைந்து எழுத்து, இரண்டு வரிக்குமேல் கூடாது. யாருடைய உதடும் பொருந்த வேண்டியதில்லை. அது ஒரு நிம்மதி.

போன ஞாயிறு மதியம் தனியாகப் படத்துக்குப் போனேன். இந்திப் படம்தான். வேலைக்காக இல்லை, சும்மா. அதிலும் ஒருத்தன் எதையெல்லாமோ தொலைத்துக்கொண்டிருந்தான். முதலில் வேலை, பிறகு நண்பனின் ஸ்கூட்டர், பிறகு அவளுடைய நாய். தியேட்டரே சிரித்தது. என்னால் அவனை வெறுக்க முடியவில்லை. எனக்கும் சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டே இருக்கும்போது எப்போது மாறியது என்று தெரியவில்லை, அழுதுகொண்டிருந்தேன். சத்தம் போட்டு.

பக்கத்து இருக்கையில் ஒரு அம்மாள். குனிந்து, "என்னம்மா, இதுல அழுற மாதிரி ஒண்ணும் வரலியே?" என்றார்.

"எங்கம்மா செத்துப்போயிட்டாங்க" என்றேன்.

நாலு மாதத்தில் அந்த வார்த்தையை நான் வாய்திறந்து சொன்னது அதுதான் முதல் தடவை. எப்போது, எப்படி என்று அவர் கேட்கவில்லை. இடைவேளை வரும்வரை என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தார்.